கனாவைக் கேட்கும் வேலை

எழுத உட்கார்ந்ததற்கு முதலில் நீங்கள் என்னை மன்னிக்க வேண்டும். பத்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். வில்லுப்பாட்டுக் குழுவில் குடம் அடித்தேன். பாடியவன் அல்ல, பாடியவருக்கு "ஆமா" போட்டவன். ஆமா போட்டே காலத்தைக் கழித்தவனுக்குச் சொந்தமாகச் சொல்ல என்ன இருக்கிறது என்று கேட்டால், அதற்கும் ஆமா என்றுதான் சொல்வேன். நாலு பேர் முன்னால் வாய் திறக்கக் கூச்சப்படுகிறவன், பெரிய குடமாகப் பார்த்து அதன் பின்னால் ஒளிந்துகொண்டான் என்று என் வீட்டில் கேலி செய்வார்கள். அதுவும் உண்மைதான்.

மணிக்கட்டு வீங்கிப்போய்க் குடத்தை விட்டு விலகிய பிறகும், ராஜபாளையத்தில் நீங்கள் வில்லுப்பாட்டுப் பழகுகிற இடத்துக்கு வந்து ஓரமாக உட்கார்ந்துகொள்கிறேன். போன மாதம் உங்களில் ஒரு பெண் என்னிடம் கேட்டாள்: "மத்த எடத்துல எல்லாம் தலையாட்டிட்டு இருக்கீக. கனாப் பாட்டு வந்தா மட்டும் ஏன் அண்ணாச்சி ஒங்களுக்கு இப்படி வேர்க்குது?" மின்விசிறி சரியில்லை என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டேன். அன்று சொல்லாத பதிலைத்தான் இப்போது எழுதுகிறேன். வாயால் சொல்வதைவிட இது எனக்குச் சுலபம்.

நம் கதைகளில் கனா இல்லாத கதை அபூர்வம். பிள்ளையில்லாத ராஜா கனாக் காண்பான். மண்ணுக்குள் கிடக்கும் சாமி, நான் இங்கே இருக்கிறேன், எனக்கொரு கோயில் கட்டு என்று யார் கனவிலாவது வந்து நிற்கும். கல்யாணம் ஆகாத பெண் மாப்பிள்ளையைக் காண்பாள். மகனைச் சாகக் கொடுக்கப்போகிற தாய், முந்தின நாள் விடியற்காலையில் கெட்ட கனாக் காண்பாள். முதல் மூன்றையும் யார் வேண்டுமானாலும் பாடலாம். நாலாவதைப் பாடத்தான் புத்தி வேண்டும்.

எங்கள் குழுவை நடத்தியவரை அண்ணாவி என்போம். வில்லடித்துப் பாடுகிறவர் அவர்தான். பெயரை எழுத மாட்டேன், அவருக்குப் பிடிக்காது. பூனை குறுக்கே போனால் திரும்பி வீட்டுக்குள் போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வருவார். எப்போதும் பயந்த மனிதர். ஆனால் அவருடைய குழுவில் வேறெங்கும் இல்லாத ஒரு வழக்கம் இருந்தது. கனாவைத் தானாகப் பாட மாட்டார். "கனாக் கண்டாள், கனாக் கண்டாள்" என்று பாடி நிறுத்திவிடுவார். குடக்காரன் "என்ன கனா?" என்று கேட்க வேண்டும். சொல்ல மாட்டார். மறுபடி கேட்க வேண்டும். முகத்தைத் திருப்பிக்கொள்வார். மூன்றாவது முறை கேட்டால்தான் கனா வெளியே வரும். மூன்று தடவையும் கேட்பது என் வேலை.

சேர்ந்த புதிதில், அவர் வெற்றிலையை மென்று முடிக்க நேரம் எடுத்துக்கொள்கிறார் என்று நினைத்தேன். ஒருநாள் கேட்டதற்கு அவர் சொன்னார்: "கேக்காதவன் காதுல கெட்ட கனாவைப் போட்டா, அவன் அதை வீட்டுக்குத் தூக்கிட்டுப் போயிருவாம்லே. கேட்டுக் கேட்டு வாங்குனவன்னா, மங்களம் பாடும்போது எங்கிட்டயே திருப்பிக் குடுத்துட்டுப் போவான்." எனக்குப் பாதிதான் புரிந்தது. ஆமா என்றேன்.

பாட்டில் வரும் கனா பாட்டோடு நிற்பதில்லை என்பதை நான் முதலில் கண்டது ஒரு நல்ல கனாவில்தான். எண்பதுகளின் தொடக்கம். ராஜபாளையத்தில் மில் தொழிலாளர்கள் குடியிருந்த ஒரு தெருவில் பாட்டு. ராஜா கனவில் யானைகள் வரிசையாக அரண்மனைக்குள் வருகிற கட்டம். நன்றாக அமைந்தது. மூட்டை கட்டும்போது இரண்டு பேர் வந்தார்கள்.

"அண்ணாச்சி, மொத்தம் எத்தனை யானை?"

அண்ணாவி, "எண்ணலியேய்யா" என்றார். எங்கள் உடுக்கைக்காரருக்கு வாய் சும்மா இருக்காது. "ஏழு. அதுல ஒண்ணு கொஞ்சம் நொண்டி" என்றார்.

"அப்ப ஆறரைன்னு வச்சுக்கிடலாமா?" என்று வந்தவர்களில் ஒருவன் நிஜமாகவே கேட்டான்.

லாட்டரிச் சீட்டுக்காகக் கேட்டிருக்கிறார்கள் என்பது பிற்பாடுதான் தெரிந்தது. சேத்தூரில் நாங்கள் பாடப்போன இடத்துக்கே ஒருவன் தேடிவந்தான். "நொண்டி யானையைச் சேத்ததுதான் தப்பாப் போச்சு. ஒழுங்கா விசாரிச்சுப் பாடுங்கய்யா" என்று உடுக்கைக்காரரைப் பிடித்துக்கொண்டான். நாங்கள் வயிறு வலிக்கச் சிரித்தோம். அண்ணாவி மட்டும் சிரிக்கவில்லை. "இன்னைக்கு யானை. சிரிக்கீக. நாளைக்கு வேற ஏதாவதை எடுத்துட்டுப் போயி ஒருத்தன் வீட்டுல வச்சுக்கிட்டாம்னா?" என்றார். அவர் எப்போதும் பயப்படுகிறவர்தானே என்று நாங்கள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

இனி நான் சொல்லப்போவது அதற்குச் சில வருஷம் பின்னால் நடந்தது. நம் பக்கத்துப் பிள்ளைகள் பட்டாளத்தில் நிறையப் பேர் என்பது உங்களுக்குத் தெரியும். அப்போது அவர்களில் பலர் கடல் தாண்டிச் சண்டைக்குப் போயிருந்தார்கள். சேத்தூருக்கு மேற்கே ஒரு சின்ன ஊர். அங்கே காவல் சாமிக்குப் பங்குனியில் கொடைத் திருவிழா. உச்சிவேளைக்குத்தான் அங்கே பெரிய பூசை. ஆகவே நாங்களும் பகலில்தான் பாட வேண்டும். நாங்கள் தங்குவதற்குப் பருத்தி மூட்டை அடுக்கும் கிட்டங்கி ஒன்றைக் கொடுத்திருந்தார்கள்.

அந்தச் சாமியின் கதை சின்னது. ஒரு விதவைத் தாய்க்கு ஒரே மகன். ஊர்க் காவலுக்குப் போகிறவன். கொள்ளைக்காரர்கள் மாடுகளை ஓட்டிப்போக வருகிறார்கள். அன்று விடியற்காலையில் தாய் கெட்ட கனாக் காண்கிறாள். மகனைப் போக வேண்டாம் என்கிறாள். அவன் போகிறான். கண்மாய்க் கரையில் வெட்டுப்பட்டுச் சாகிறான். செத்த இடத்தில் சாமியாகிறான். இவ்வளவுதான். கனாவில் தொடங்கிச் சாவு வரைக்கும் பாடி முடிக்கும்போது சாமியாடிக்கு அருள் வர வேண்டும். அதுதான் கொடை.

காலையில் நாங்கள் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது ஓர் அம்மா காப்பித் தூக்கோடு வந்தார். பேச்சியம்மாள் என்று பெயர். ஐம்பது வயதுக்குக் கொஞ்சம் குறைவாக இருக்கும். கொடைச் செலவை ஏற்று நடத்தும் கட்டளை அந்த வருஷம் அவர் வீட்டுடையது. கணவர் இல்லை. காப்பியை ஊற்றிக் கொடுத்துவிட்டுப் போகாமல் நின்றார்.

"அண்ணாச்சி, ஒண்ணு கேக்கணும்."

"கேளு தாயி" என்றார் அண்ணாவி.

"இன்னைக்கு மட்டும் அந்தக் கனா வேண்டாம்."

உடுக்கைக்காரர் யோசிக்காமல், "கனா இல்லாம அவன் எப்படிம்மா சாவான்? சாகாம எப்படிச் சாமியாவான்?" என்று கேட்டுவிட்டார். அந்த அம்மாள் சுவரைப் பிடித்துக்கொண்டார். அண்ணாவி பார்த்த பார்வையில் உடுக்கைக்காரர் இலையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

"எம்மவன் முருகேசன் பட்டாளத்துல இருக்கான். தைப் பொங்கலுக்குப் பொறவு கடுதாசி இல்ல" என்றார் பேச்சியம்மாள்.

"தந்தி குடுத்துக் கேக்கலாம்லா?"

"கேக்கலாம். கேட்டா பதில் வந்துருமே அண்ணாச்சி."

அவரே தொடர்ந்தார்: "நானும் ஒரு கனாக் கண்டேன். யார்ட்டயும் சொல்லல. அது மேல இன்னொரு கனாவைக் கேக்க எனக்குத் தெம்பு இல்ல."

"பாட்டு நேரத்துக்கு வீட்டுல இருந்துக்கிடேன் தாயி."

"கட்டளைக்காரி முன்னால உக்காரணும். உக்காராட்டி, அவ மவனுக்கு என்னமோ ஆயிட்டுன்னு ஊரே முடிவு கட்டிரும்."

அண்ணாவி தரையைப் பார்த்துக்கொண்டே, "நீ போ தாயி. பாத்துக்கிடலாம்" என்றார்.

அவர் போன சற்று நேரத்தில் சாமியாடி வந்தார். பேச்சியம்மாளின் கணவருக்கு அண்ணன் அவர். பெரிய மீசை, பெரிய குரல். "எங்க வீட்டுப் புள்ள என்ன சொல்லிட்டுப் போறா? கனாவை விட்டுரச் சொன்னாளா? அதெல்லாம் ஒரு வரி விடக்கூடாது" என்றார்.

"அந்த அம்மா மனசு..."

"மனசு எனக்கும் இருக்குய்யா. போன கொடைக்கு ஒரு குழுக்காரன் வந்தான். கனாவைப் பாதி முழுங்கிட்டான். எனக்கு அருள் வரல. வந்த மாதிரி ஆட வேண்டியதாப் போச்சு. முழிச்சுக்கிட்டே ஆடுறது எம்புட்டுக் கேவலம்னு ஒமக்குத் தெரியுமா? ஊரு பூராம் விபூதி வாங்குதான். நான் முழிச்சுக்கிட்டே குடுக்கேன்." குரலைத் தாழ்த்தினார். "முருகேசன் என் தோள்ல கெடந்து வளந்த பய. அவனுக்குக் காவல் வேணும்னா சாமி எறங்கணும். எறங்கணும்னா அந்தக் கனா வேணும். அவ்வளவுதான் எனக்குத் தெரியும்."

அவருக்கும் அண்ணாவி, "பாத்துக்கிடலாம்" என்றார். அவர் போன பிறகு பீடி பற்றவைத்தார். தீக்குச்சி இரண்டு தடவை அணைந்தது. "ரெண்டு பேருக்கும் ஒரே பதிலைச் சொல்லிட்டேனே" என்று தனக்குள் சொல்லிக்கொண்டார்.

"என்ன செய்யப் போறீக?" என்று கேட்டேன்.

"நானா? நீதானலே கனாவைக் கேக்கணும். கேட்டா நான் சொல்லணும். கேக்காட்டி எனக்கு வேலை இல்ல."

அதை அவர் கேலியாகச் சொல்லவில்லை.

நீங்கள் இப்போது பாடும் மேடைகளில் நிழலுக்குத் துணிப்பந்தல் இருக்கிறது. அங்கே தென்னங்கீற்றுதான், கீற்றுக்கு நடுவே வெயில் கத்திகத்தியாக இறங்கும். பெண்கள் பக்கத்தில் முதல் வரிசையில் பேச்சியம்மாள் இருந்தார். குடத்துக்கும் அவருக்கும் நடுவில் ஒரு கை நீளம்தான். சேலைத் தலைப்பை விரலில் சுற்றுவதும் அவிழ்ப்பதுமாக இருந்தார். எதிரே சாமியாடி கச்சை கட்டி, கையில் வேலோடு வெயிலில் நின்றார்.

கதை ஓடியது. எனக்கு ஒன்றும் காதில் விழவில்லை. கை அது பாட்டுக்குக் குடத்தை அடித்தது. கனாவுக்கு இன்னும் இவ்வளவு தூரம், இன்னும் இவ்வளவு தூரம் என்று மட்டும் மனசு அளந்துகொண்டிருந்தது. கடைசியில் வந்துவிட்டது.

"கண்ணயர்ந்தாள் தாயாரும் – கருக்கலிலே
கனாக் கண்டாள், கனாக் கண்டாள்!"

அண்ணாவி நிறுத்தினார். என்னைப் பார்த்தார். நான் வாயைத் திறந்தேன்.

"எங்க படுத்திருந்தா?" என்று கேட்டேன்.

அண்ணாவியின் புருவம் ஏறியது. ஆனாலும் பிடித்துக்கொண்டார். "வீட்டுக்குள்ளதான்."

"பாயிலயா, கட்டில்லயா?"

"கட்டில் வாங்க ஏது வசதி? பாய்தான்."

"கோரைப்பாயா, ஓலைப்பாயா?"

கூட்டம் சிரித்தது. "குடக்காரன் பாய் யாவாரத்துக்கு வந்திருக்கான்டோய்!" என்று ஒரு கிழவர் சத்தம் போட்டார். எனக்கு அந்தச் சிரிப்பு நல்ல துணையாக இருந்தது. இன்னும் கேட்டேன். தலை எந்தப் பக்கம் வைத்துப் படுத்தாள்? முந்தின நாள் என்ன சாப்பிட்டாள்? வயிறு சரியில்லாவிட்டாலும் கனா வரும் அல்லவா? மேடையில் அவ்வளவு பேச்சு நான் அதற்கு முன்னும் பேசியதில்லை, பின்னும் பேசியதில்லை.

"ஏலே குடம்! அவ என்ன தின்னா ஒனக்கு என்னலே? கனாவைக் கேளு!" என்று சாமியாடி கத்தினார்.

சிரிப்பு மெல்லக் குறைந்தது. அண்ணாவி பதில் சொல்வதை நிறுத்திவிட்டார். வில்லில் ஒரு தட்டுத் தட்டி மணியைக் குலுக்கிவிட்டுக் காத்திருந்தார். எனக்கு உதவ மாட்டார் என்பது தெரிந்துவிட்டது. அந்த அம்மாள் சிரிக்கவில்லை. கண்ணை எடுக்காமல் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். எதிரே சாமியாடிக்கு வியர்வை கொட்டுகிறது. அருள் வருகிற அறிகுறி எதுவும் இல்லை. இன்றைக்கும் அவர் முழித்துக்கொண்டே ஆட வேண்டியதுதான். பின்னால் ஆண்கள் பக்கத்தில் முணுமுணுப்புக் கிளம்பியது. கொடை கெட்டால் பழி யார்மேல் விழும்? என்மேல் இல்லை, கட்டளைக்காரிமேல். நான் கேட்டாலும் அவருக்குத்தான் அடி, கேட்காவிட்டாலும் அவருக்குத்தான். இப்போது பத்துப் பேரோடு கலந்து யோசித்தால் ஏதாவது வழி தோன்றலாம். அங்கே என்னால் முடிந்ததெல்லாம் வாயை மூடிக்கொண்டு இருந்ததுதான்.

அப்போது பேச்சியம்மாள் எழுந்தார்.

"அந்தத் தம்பி கேக்க மாட்டாரு போல. நான் கேக்கேன்" என்றார். குரல் நடுங்கவில்லை. "என்ன கனா?"

அண்ணாவி பேசவில்லை.

"என்ன கனா அண்ணாச்சி?"

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"அந்தத் தாய் என்ன கனாக் கண்டா? சொல்லுங்க."

அண்ணாவி வில்லை அடிக்கும் வீசுகோலைக் கீழே வைத்தார். பாட்டு நடுவில் அவர் அதைக் கீழே வைத்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். "கேக்கது யாரு? கதை கேக்க வந்தவளா, பெத்தவளா?"

"பெத்தவ."

"அப்ப மொதல்ல நீ கண்டதைச் சொல்லு தாயி. பொறவு அவ கண்டதை நான் சொல்லுதேன்."

பேச்சியம்மாள் யாரையும் பார்க்காமல் சொன்னார்:

"எம்மவன் வந்து நிக்கான். தொழுவுகிட்ட. பட்டாளத்து உடுப்போட. பூட்ஸைக் கழத்தல. அம்மா, தண்ணிங்கான். செம்பை எடுத்துட்டு ஓடுதேன். குடுத்தா, செம்புல தண்ணி இல்ல. திரும்ப ஓடிப் போயி மோந்துட்டு வாரேன். குடுத்தா, இல்ல. அவன் கோவப்படல அண்ணாச்சி. அதுதான் எனக்குத் தாங்கல. சின்னதுல தண்ணி வரச் செத்த நேரம் ஆனாலும் செம்பைத் தூக்கி எறிவான். இப்ப ஒண்ணும் சொல்லாம நிக்கான்."

பெண்கள் பக்கத்தில் யாரோ விசும்பினார்கள். பேச்சியம்மாள் அழவில்லை. பெரிய சுமையை இறக்கியவர் கழுத்தைத் தடவிக்கொள்வதுபோலப் பிடரியைத் தடவிக்கொண்டு உட்கார்ந்தார்.

அண்ணாவி கோலை எடுத்தார். கதையில் உள்ள கனாக்கள் மூன்றையும் முறையாகப் பாடினார். பால்மரம் சாய்ந்தது, பசு கன்றில்லாமல் திரும்பியது, விளக்கு எண்ணெயோடு கவிழ்ந்தது. நான் "ஆமா" போட்டேன். அதோடு கனா முடிய வேண்டும். முடியவில்லை. அதே மெட்டில் மேலே போனார்.

"வாசலிலே வந்து நின்னான் – எம்மகன்
வாய்திறந்து தண்ணி கேட்டான்;
செம்பெடுத்து ஓடி வந்தேன் – அய்யோ
செம்பிலொரு சொட்டும் இல்லே!"

நீங்கள் இன்றைக்கு இந்தக் கதையை எடுத்தால் நாலு கனாப் பாடுகிறீர்கள். நாலாவதும் மற்ற மூன்றையும்போல எந்தக் காலத்திலோ யாரோ கட்டியது என்று நினைத்திருப்பீர்கள். அது அந்தப் பந்தலில், என் குடத்துக்கு ஒரு கை தூரத்தில் இருந்த ஓர் அம்மாளிடமிருந்து வந்தது. அதற்காகத்தான் எனக்கு வேர்க்கிறது.

கதை கண்மாய்க் கரைக்குப் போயிற்று. மகன் வெட்டுப்பட்டான். சாமியாடி பிளிறிக்கொண்டு கிளம்பினார். அன்றைக்கு அவர் முழித்திருக்கவில்லை. அதைக் குடத்துக்குப் பின்னால் இருந்தே சொல்லலாம். மூன்று சுற்றுச் சுற்றிவிட்டு நேராகப் பேச்சியம்மாள் முன்னால் வந்து நின்றார். அருள் வந்தவர் கட்டளைக்காரிக்கு விபூதி கொடுத்து வாக்குச் சொல்ல வேண்டும். உன் மகன் வருவான் என்றோ, வேறு என்னவோ. ஊரே காதைத் தீட்டிக்கொண்டு நின்றது. விபூதி பிடித்த கை நீண்டது. வாய் திறந்தது. வாக்கு வரவில்லை.

"தண்ணி" என்றார்.

பேச்சியம்மாள் எழுந்து ஓடிய வேகத்தை நான் மறக்க முடியாது. பூசை நடக்கிற இடத்திலிருந்து செம்பை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு, உள்ளே எட்டிப் பார்த்துக்கொண்டே வந்தார். விளிம்பு வரைக்கும் தண்ணீர். சாமியாடி அண்ணாந்து குடித்தார். மிச்சத்தைத் தலையில் ஊற்றிக்கொண்டார். அருளா, வெயிலா என்று எனக்குத் தெரியாது. அன்றைக்கு வெயிலும் அப்படித்தான் இருந்தது. அவர் வேறு எதுவும் சொல்லவில்லை. வெறும் செம்பை மடியில் வைத்துக்கொண்டு அந்த அம்மாள் மங்களம் பாடும்வரை உட்கார்ந்திருந்தார்.

கிட்டங்கியில் வில்லை அவிழ்க்கும்போது அண்ணாவி என்னிடம் பேச்செடுத்தார்.

"நீ கேக்காம இருந்தது நல்லதுதாம்லே. ஆனா நல்லதுன்னு நெனச்சா கேக்காம இருந்தே?"

"பயமா இருந்துச்சு."

"எனக்கும்தான். கோலை எதுக்குக் கீழ வச்சேன்னு நெனச்சே? கை ஆடுச்சு."

"அப்ப அந்த அம்மாட்ட அவுக கனாவை நீங்க கேட்டது?"

"அது எப்படி வாயில வந்துச்சுன்னு எனக்கே தெரியல. அந்த அம்மா மயங்கி விழுந்திருந்தா இன்னைக்கு ஊர்க்காரன் நம்மளைக் கட்டி வச்சிருப்பான்" என்றார். பிறகு இன்னொரு பீடி கேட்டார்.

இதை ஏன் மறைக்காமல் எழுதுகிறேன் என்றால், நெருக்கடியில் பெரியவர்களுக்கு வழி தெரிந்திருக்கும் என்று நீங்கள் நம்பிவிடக் கூடாது. அவருக்கும் தெரியவில்லை. அவருக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று. கேட்கப்படாமல் சொல்லக் கூடாது; ஆகவே காத்திருந்தார். மற்றதை அந்த அம்மாள்தான் செய்தார்.

தொண்ணூறுகளில் ஒருநாள் ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தில் இலக்கியக் கூட்டம் நடந்தது. கல்லூரிப் பேராசிரியர் ஒருவர் இலக்கியத்தில் கனவு என்று பேசினார். ரொம்ப அழகாகப் பேசினார். சங்க காலத்துப் பெண் கனவில் காதலனைத் தழுவி, விழித்துப் படுக்கையைத் தடவுகிறாள் என்றார். காப்பியத்து அரசி குடை சாயக் காண்கிறாள் என்றார். பக்திப் பாட்டில் கடவுளையே மாப்பிள்ளையாகக் கனவு காண்கிறார்கள் என்றபோது, தங்கள் வீட்டு விசேஷத்தைச் சொன்னதுபோல அந்த ஊர்க்காரர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். இந்தக் காலத்து நாவல்களில் கனவு எங்கே முடிகிறது, விழிப்பு எங்கே தொடங்குகிறது என்பது பாத்திரத்துக்கே தெரிவதில்லை என்றும் சொன்னார். கடைசியாக ஒன்று சொன்னார்: எத்தனை நூற்றாண்டு ஆனாலும், இலக்கியத்துக்குள் இருப்பது யாரோ யாரிடமோ சொல்லிவிட்ட கனவு மட்டும்தான், சொல்லாமல் போன கனவுகள் எவ்வளவோ, அவை நமக்கு இல்லை.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. சொல்கிறவள் ஒருத்தி என்றால், கேட்கிறவர் ஒருவர் வேண்டும் அல்லவா என்று எழுந்து சொல்ல நினைத்தேன். கையைப் பாதி தூக்கினேன். ஒருவர் மைக்கோடு என்னை நோக்கி வந்தார். தலையைச் சொறிந்ததுபோலக் கையை இறக்கிக்கொண்டேன். அன்று சொல்லாததை உங்களுக்குச் சொல்லிவிட்டேன். நாலாவது கனா வரும்போது அவசரப்படாதீர்கள். முன்வரிசையில் இருப்பவர்களைப் பாருங்கள். யாருக்கோ அது வெறும் பாட்டு இல்லை. குடக்காரன் மூன்று முறை கேட்பதை நேரம் போதவில்லை என்று ஒரு முறையாக்கிவிட்டீர்கள் என்று கேள்விப்பட்டேன். உங்கள் இஷ்டம். எனக்குப் பிடிக்கவில்லை.

அந்த மகன் என்ன ஆனான் என்று சொல்லாமல் விட்டால் திட்டுவீர்கள். மறுவருஷம் அதே ஊருக்குப் போனோம். ஒல்லியாக ஒருவன் வந்து குடத்தை ஒட்டி உட்கார்ந்தான். "ஓங்கி அடிங்க அண்ணாச்சி. இந்தப் பக்கத்துக் காது எனக்குக் கேக்காது" என்றான். குண்டு வெடித்ததில் போனதாம். மாதக்கணக்கில் ஆஸ்பத்திரியில் கிடந்திருக்கிறான். நாலாவது கனாவை அவன் ரசித்துக் கேட்டான். பாட்டு முடிந்ததும் என் பக்கம் சாய்ந்து, "தண்ணி கேக்குற எடம் நல்லாருக்கு. ரொம்பப் பழைய பாட்டோ?" என்று கேட்டான். பேச்சியம்மாள் பெண்கள் பக்கத்திலிருந்து என்னைப் பார்த்தார்.

ஆமா என்றேன்.

ஆனால் முந்தின வருஷம் அந்தக் கொடையன்று இது எதுவும் எங்களுக்குத் தெரியாது, அவருக்கும் தெரியாது. மறுநாள் எங்களுக்குச் சுந்தரபாண்டியத்தில் பாட்டு. காலையில் முதல் பஸ்ஸில் ஏறினோம். பேச்சியம்மாளும் சாமியாடியும் எங்களுக்கு முன் சீட்டில் இருந்தார்கள், பேசிக்கொள்ளவில்லை. ராஜபாளையத்தில் இறங்கித் தந்தி ஆபீசுக்குப் போனார்கள். அது இன்னும் திறக்கவில்லை. வாசல்படியில் நின்றார்கள். நாங்கள் ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் பிடித்துப் போனோம்.